பெயரில்லாத பத்து நாள்கள்

1

இந்தக் கதை ஒரு பெருக்கல் பிழையில் பிறந்தது. நானே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். பிறகு யாராவது கண்டுபிடித்துச் சொல்லி மானம் போவதைவிட இது மேல்.

என் மனைவியின் அண்ணன் மகன் குணாளன் பினாங்கில் பலகை விளையாட்டுகள் செய்து விற்கிறான். பெட்டிக்குள் பகடை, அட்டைகள், ஒரு வரைபடம், ஒரு சிறு புத்தகம். கெம்புரா என்று ஒரு தீவு ராஜ்ஜியத்தைக் கற்பனை செய்து, மலை, நதி, ராஜா எல்லாம் வரைந்துவிட்டு, நாள்காட்டி மட்டும் பாக்கி என்று என்னிடம் வந்தான். "மாமா, ரிட்டையர் ஆகி சும்மாதான இருக்கீங்க, போட்டுக் குடுங்க" என்றான். முப்பது வருஷம் தமிழ் வாத்தியாராக இருந்தவனைப் பார்த்துச் சும்மா இருப்பதாகச் சொன்னால் கோபம் வர வேண்டும். எனக்கோ வாயெல்லாம் பல். ஓர் உலகத்துக்கே நாள் குறித்துக் கொடுக்கும் வேலை யாருக்குக் கிடைக்கும்?

அங்கே வருஷத்துக்கு முந்நூற்று எழுபத்தொரு நாள் என்று அவன் முன்பே முடிவு செய்திருந்தான். நான் ஒன்பது மாதம் வைத்தேன். மாதத்துக்கு நாற்பது நாள். முதலில் விலாங்கு மாதம், பிறகு பிசின் மாதம், நுரை மாதம் என்று ஆசை ஆசையாகப் பெயர் வைத்துக்கொண்டே போய், கடைசி மாதத்துக்குச் சாம்பல் என்றேன். ஒன்பது நாற்பது முந்நூற்று எழுபது, ராஜா முடிசூடிய நாள் தனியாக ஒன்று, ஆக முந்நூற்று எழுபத்தொன்று.

(நீங்கள் இதற்குள் மனதில் பெருக்கிப் பார்த்திருப்பீர்கள். நான் பார்க்கவில்லை.)

பெட்டிகள் அச்சாகிக் கடைக்குப் போனபின் ஈப்போவிலிருந்து ஒருவர் குணாளனுக்கு எழுதியிருந்தார். வருஷத்தில் பத்து நாள் குறைகிறதே, அது எங்கே போயிற்று?

"மாமா, ஒன்பதாம் வாய்ப்பாடு மறந்துபோச்சா?" என்று குணாளன் போனில் கத்தினான்.

"திருத்திடலாம்ப்பா."

"என்னத்தத் திருத்துறது? மூவாயிரம் பெட்டி அடிச்சாச்சு. அந்தப் பத்து நாளுக்குப் பேரு கெடையாது, அதுல நடந்தது எதுவும் செல்லாதுன்னு ஒரு சட்டம் எழுதிக் குடுங்க, துண்டுத் தாள்ல அடிச்சு உள்ள போட்டுர்றேன். மர்மமா இருக்கும். வாங்குறவன் வாயப் பொளப்பான்."

எழுதிக் கொடுத்தேன். சாம்பல் மாதம் முடிந்து விலாங்கு மாதம் பிறக்கும் முன் வருகிற பத்து நாள்களுக்குப் பெயர் இல்லை. அவற்றில் நடந்தது நடந்ததாகாது. பிறப்பு பிறப்பல்ல, திருமணம் திருமணமல்ல, சாவு சாவல்ல. மூன்றே வரி. எழுதி முடித்துவிட்டு, பரவாயில்லையே, கம்பீரமாக இருக்கிறதே என்று நினைத்துக்கொண்டு டீ குடித்தேன்.

2

அடுத்த பதிப்புக்கு ஒரு கதை கேட்டான் குணாளன். இரண்டு பக்கம், பெயரில்லாத நாள்களைப் பற்றி, சந்தோஷமாக. சந்தோஷமாகத்தான் தொடங்கினேன்.

முதல் தொடக்கம்: "கெம்புராவின் உப்பளங்களில் வெயில் உருகி—" வேண்டாம். வெயில் உருகும் கட்டுரைகளை முப்பது வருஷம் நானே அடித்துத் திருத்தியிருக்கிறேன்.

இரண்டாம் தொடக்கம்: "முன்னொரு காலத்தில், காலமே இல்லாத ஒரு காலத்தில்—" செருப்பால் அடிக்க வேண்டும்.

மூன்றாவது: "தோரக் வீட்டுக்கு வருகிறான் என்று தெரிந்ததும், இருக்கிற மூன்று கோழிகளில் எதை அடிப்பது என்று நிலாங் யோசிக்க ஆரம்பித்தாள்."

இது நடக்கும் என்று பட்டது. கோழி வந்தால் வீடு வந்துவிடும், வீடு வந்தால் சண்டையும் சிரிப்பும் வந்துவிடும். தோரக் ஒரு மீனவன். படகின் உடைந்த பலகைக்காக ராஜாவின் காட்டில் ஒரு மரத்தை வெட்டியதற்கு ஐந்து வருஷம் உப்பளத்தில் அடிமை வேலை. மூன்று வருஷம் முடிந்திருந்தது. பெயரில்லாத நாள்களில் செய்த வேலை தண்டனையில் கழியாது, ஆகவே அந்த நாள்களில் கைதிகளுக்குக் கஞ்சி ஊற்றுவதும் தண்டம் என்று அரண்மனை அவர்களை வீட்டுக்கு விரட்டிவிடும். விலாங்கு மாதம் முதல் தேதி காலையில் திரும்பி வந்து நின்றால் போதும். (அரண்மனையின் தயாள குணம் என்று இதைச் சிறு புத்தகத்தில் எழுதியிருக்கிறேன்.)

தோரக் வந்தான். மனைவியையும் இருபது வயது மகள் செபியையும் பார்த்துவிட்டு நேராகச் சட்டிக்குள் எட்டிப் பார்த்தான்.

"என்னடி, கோழி இவ்ளோ எளைச்சிருக்கு? எனக்கு முன்னாடி அதையும் உப்பளத்துக்கு அனுப்பிட்டியா?"

"ஒடம்புதான் எளைச்சிருக்கு, வாயி எளைக்கல பாரு" என்றாள் நிலாங்.

"அப்பா, கால் ஏன்ப்பா இப்பிடி வெடிச்சிருக்கு?" என்றாள் செபி.

"நின்னுக்கிட்டே இருந்தா வெடிக்கும். அங்க ஒக்காந்தா அடி விழும். காலையில தண்ணியில நின்னா சாயங்காலம் தண்ணியிலதான் நிப்போம். ஒன் ஆத்தா பேசறதைக் கேக்கறதுக்கு அது தேவல" என்று சொல்லிச் சிரித்து, சிரிப்பின் நடுவில் இருமினான்.

அந்த இருமலை நான்தான் வைத்தேன். மூன்று வருஷம் உப்புத் தண்ணீரில் நின்றவன் இருமாமல் இருந்தால் நம்பும்படி இருக்காதே என்று, மீன் குழம்புக்குப் புளி விடுகிற மாதிரி கொஞ்சமாகத்தான் விட்டேன். சத்தியமாக அவன் சாவான் என்று எனக்குத் தெரியாது.

3

நாலாம் நாள் விடியும்போது செத்துப்போனான்.

கெம்புரா தீவில் இதற்கு ஒரு வழி இருக்கிறது. நான் யோசித்து வைத்த வழி அல்ல. மூன்று வரிச் சட்டம் போட்டால் மனிதர்கள் பிழைப்பதற்கு முப்பது வழி கண்டுபிடித்துவிடுகிறார்கள். பெயரில்லாத நாளில் செத்தவரைத் தூணில் சாய்த்து உட்கார வைத்துவிடுவார்கள். எதிரில் சோற்றுத் தட்டு வைப்பார்கள். போகிறவர் வருகிறவர் எல்லாம் "என்ன, சௌக்கியமா?" என்று கேட்டுவிட்டுப் போவார்கள். முதல் தேதி பிறந்ததும் ஒப்பாரி எழும்பும். தீவில் அதிகம் பேர் சாகிற நாள் விலாங்கு மாதம் முதல் தேதி.

பக்கத்து வீட்டு ஓமா சத்தம் கேட்டு ஓடி வந்தாள்.

"அழாத, அழாத, வாயப் பொத்து. இன்னும் ஆறு நாளுதான். தூணுல சாய்ச்சு ஒக்கார வெச்சிரு. சுத்திலும் கிராம்பு கொட்டி வை, வாட தெரியாது. எங்க மாமனாரு எட்டு நாளு ஒக்காந்திருந்தாரு. உசுரோட இருந்ததைவிட அப்பதான் தொல்ல குடுக்காம இருந்தாரு."

"வேணாம் ஓமா."

"வேணாம்னா? புருஷன் செத்தாத்தான்டி தண்டன தீரும். சாவு பதியலன்னா ஓடிப்போயிட்டான்னு எழுதிருவாங்க. மிச்ச ரெண்டு வருஷத்துக்கு வீட்டுலேருந்து ஒரு ஆளக் கேப்பாங்க. ஒரு பொண்ண வெச்சிருக்க, மறந்துராத."

நிலாங் கணவனின் வெடித்த கால்களைப் பார்த்தாள். "மூணு வருஷம் நின்னுக்கிட்டே இருந்த மனுஷன். படுக்கட்டும் விடு" என்றாள்.

அன்றைக்கே ஈரப்பலா மரத்தடியில் பாயில் சுற்றிப் புதைத்தாள். மண்ணைத் தள்ளியபின் தெருவுக்கே கேட்கும்படி ஒரே ஒரு தடவை அழுதாள். அடிவயிற்றிலிருந்து, கூச்சமில்லாமல், சேர்ந்து வாழ்ந்த இருபத்திரண்டு வருஷத்துக்கும் சேர்த்து அழுதாள். பிறகு எழுந்து போய்க் கை கழுவினாள்.

(அவள் ஓமா சொன்னதைக் கேட்டிருக்கலாம். கேட்க வைக்க எனக்கு ஒரு நிமிஷம் ஆகியிருக்காது. ஆனால் "படுக்கட்டும் விடு" என்ற வரி என் பேனாவில் வந்து விழுந்துவிட்டது. நல்ல வரி. அந்த வரியைக் காப்பாற்றுவதற்காக அவனைப் புதைத்தேன். எழுதுகிறவர்களை நம்பாதீர்கள்.)

4

விலாங்கு மாதம் ஐந்தாம் தேதி அரண்மனை ஆள் வந்து, தோரக் ஓடிப்போய்விட்டதாகவும், பன்னிரண்டாம் தேதிக்குள் செபி உப்பளத்துக்கு வந்து நிற்க வேண்டும் என்றும் சொல்லிவிட்டுப் போனான். நிலாங் நாள் மண்டபத்துக்கு நடந்தாள். பிறப்பு, இறப்பு எல்லாவற்றுக்கும் தேதி போட்டு முத்திரை குத்துகிற இடம் அது.

அங்கே இருந்த எழுத்தன் பெயர் மெந்தா. "மெந்தா ஈவிரக்கமில்லாத—" என்று தொடங்கி அடித்துவிட்டேன். "அவன் உதட்டில் குரூரமான—" இதையும். அவனைக் கெட்டவனாக எழுத எனக்குக் கை வரவில்லை. காரணத்தைச் சொல்லிவிடுகிறேன்.

பள்ளியில் ஒரு வருஷம் புதிய பிள்ளைகளைச் சேர்க்கும் மேசையில் என்னை உட்கார வைத்தார்கள். எஸ்டேட்டிலிருந்து ஒரு பெண் ஏழு வயதுப் பிள்ளையோடு வந்தாள். பிறப்புப் பத்திரம் இல்லை. பிள்ளை என்றைக்குப் பிறந்தது என்று கேட்டேன். பெரிய மழை பெய்த அன்றைக்கு என்றாள். பெரிய மழை என்று படிவத்தில் இடமில்லை அம்மா என்றேன். பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். நன்றாகச் சொல்லிவிட்டோம் என்று எனக்கும் தோன்றியது. அவள் பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டு போய்விட்டாள், மறுபடி வரவில்லை. அந்தப் பிள்ளைக்கு இப்போது நாற்பது வயது இருக்கும். அது படித்ததா என்று எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள நான் முயலவும் இல்லை.

ஆகவே மெந்தா கெட்டவன் இல்லை. அவனுக்குப் பல்வலி. கன்னத்தில் கிராம்பை அடக்கிக்கொண்டு பேசினான்.

"செத்துட்டாரு ஐயா" என்றாள் நிலாங்.

"என்னிக்கு?"

"நாலாம் நாளு."

"எந்த மாசத்து நாலாம் நாளு?"

நிலாங் விரல்களை மடக்கி எண்ணத் தொடங்கினாள்.

"அக்கா, மாசம் இல்லாம நாள் இல்ல. நாள் இல்லாம சாவு இல்ல. சாவு இல்லன்னா ஆளு இருக்காரு. இருக்கற ஆளு வேலைக்கு வரலன்னா ஓடிட்டாருன்னுதான அர்த்தம்? எனக்கென்ன ஒங்க வீட்டுக்காரரு மேல பகையா?"

"பொதைச்ச எடத்தக் காட்டறேன், வந்து பாருங்க."

"பொதைச்சது என்னிக்கு?"

"அன்னிக்கே."

"அதுவும் நடக்கல" என்றான் மெந்தா, வருத்தமாகத்தான்.

நிலாங்குக்குக் கோபம் தலைக்கு ஏறியது. "ஒன்பது மாசத்துக்கும் பேரு வெச்சவனுக்கு இந்தப் பத்து நாளுக்குப் பேரு வெக்க வாயில என்னய்யா, கொழுக்கட்டையா? எவன் போட்டான் இந்தக் கணக்கை?"

மெந்தா பயந்துபோய்க் கன்னத்தில் போட்டுக்கொண்டான், வலிக்கிற கன்னத்திலேயே. "அப்பிடிப் பேசாதீங்க. ஆதியில நட்சத்திரம் பாத்த மகான் போட்டது. அதுக்குள்ள பெரிய சூட்சுமம் இருக்காம். நம்ம புத்திக்கு எட்டாது."

(ஒன்பது நாற்பது முந்நூற்று அறுபது. அவ்வளவுதான் சூட்சுமம். இந்த இடத்தில் பேனாவை வைத்துவிட்டுப் போய் முகம் கழுவினேன். "என்ன, ஒடம்புக்கு முடியலையா?" என்று என் மனைவி கேட்டாள். வெட்கமாக இருக்கிறது என்று மனைவியிடம் எப்படிச் சொல்வது?)

அவள் அழுவாள் என்று மெந்தா எதிர்பார்த்தான். அழவில்லை. அவன் குரலைத் தாழ்த்தினான்.

"ஒண்ணு பண்ணுங்க. தோண்டி எடுத்து ஒக்கார வைங்க. எட்டாம் தேதி ரெண்டு சாட்சிய அனுப்பறேன். ஒடம்பு கண்ணுல படணும், பொண்டாட்டி அழுகை காதுல விழணும். ரெண்டும் இருந்தா அன்னிக்குத் தேதியப் போட்டு முத்திர குத்திருவேன். செத்து எத்தன நாளாச்சுன்னு கேக்க மாட்டாங்க. ஆனா அழுகைய மட்டும் கவனிப்பாங்க. வேற எவனோ பொணத்தக் கொண்டாந்து ஒக்கார வெச்சு ஏமாத்துன குடும்பமெல்லாம் இருக்கு. அதனால பொய் அழுகைன்னா கண்டுபிடிச்சிருவாங்க, இருபது வருஷமா அதான் அவங்க வேல. பொழுது சாயற வரைக்கும்தான் நிப்பாங்க. அப்பறம் என்கிட்ட வந்து பிரயோஜனம் இல்ல."

5

நான் குணாளனைக் கூப்பிட்டேன்.

"சாம்பல் மாசத்த அம்பது நாளாக்கிருப்பா. பத்து நாளும் அதுக்குள்ள அடங்கிரும்."

"ஐயோ மாமா, இப்ப அந்தப் பத்து நாளுதான் ஃபேமஸ். அத வெச்சுத்தான் பெட்டியே போவுது. அடுத்ததுல பதினஞ்சாக்குங்கன்னு கேக்கறாங்க."

"அவ புருஷன் செத்துட்டான்டா."

"யாரு புருஷன்?" என்று பதறினான். விஷயத்தைச் சொன்னேன். "சந்தோஷமா ரெண்டு பக்கந்தானே கேட்டேன்" என்றான்.

சரி, நாமே பார்த்துக்கொள்ளலாம் என்று வேறு முடிவுகளை எழுதிப் பார்த்தேன்.

ஒன்று: மெந்தா மனமிரங்கி, யாருக்கும் தெரியாமல் முதல் தேதி என்று எழுதி முத்திரை குத்துகிறான். எழுதிவிட்டுக் கிழித்துப் போட்டேன். அந்த மேசைக்குப் பின்னால் உட்கார்ந்தவன் நான். அப்படி ஒருவரும் எழுதுவதில்லை.

இரண்டு: செபி போகிறாள்.

"நான் போறேம்மா. ரெண்டு வருஷந்தான."

"ஒங்கப்பனும் அஞ்சு வருஷந்தானன்னு சொல்லிட்டுத்தான் போனாரு."

"அதுக்காக அவரத் தோண்டுவியா? படுக்கட்டும்னு நீதானம்மா சொன்ன?"

"சொன்னேன். எனக்கு அப்ப ஒன் ஞாபகம் இல்லடி. அவரு காலுதான் தெரிஞ்சுது." நிலாங் மண்வெட்டியை எடுத்துக்கொண்டாள். "பொணத்துக்குப் பாவம் பாத்து பொண்ண அனுப்பச் சொல்றியா? தள்ளு."

மூன்று: மாயம். ராஜா கனவு காண்கிறார், சட்டம் மாறுகிறது— இதை முடிக்கக்கூட இல்லை.

6

எட்டாம் தேதி. தோண்டி எடுத்தார்கள்.

குழிக்குள் என்ன இருந்தது என்று எழுத மாட்டேன். எழுதினேன், ஒன்றரைப் பக்கம். வாசித்த என் மனைவி அன்றைக்குச் சாப்பிடவில்லை. அதைக் கிழித்துவிட்டேன். தாயும் மகளும் மூக்கில் துணி கட்டிக்கொண்டு, ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல், பாயோடு தூக்கித் தூணில் சாய்த்து, முகத்துக்கு மேல் புதுத்துணி போட்டார்கள் என்பது மட்டும் உங்களுக்குப் போதும்.

சாட்சிகள் இருவரும் மதியம் வந்தார்கள். ஒருவன் பருமன், ஒருவன் மெலிவு. காற்று வருகிற பக்கமாகப் பார்த்து நின்றார்கள்.

"ஒடம்பு பாத்தாச்சு" என்றான் பருமன். "ம், அழுங்க."

நிலாங் தூணுக்கு எதிரில் உட்கார்ந்தாள். அவளுக்கு அழுகை வரவில்லை.

தலையில் அடித்துக்கொண்டாள். வாயைத் திறந்தாள். சத்தம் வந்தது, தொண்டையில் எதையோ காறுகிற சத்தம். பருமன் தலையை ஆட்டினான். செபிக்குத்தான் தாங்க முடியாமல் அழுகை பீறிட்டது. "மக அழுதா செல்லாதும்மா, பொண்டாட்டி அழணும்" என்றான் மெலிந்தவன். செபி வாயைப் பொத்திக்கொண்டு தாயின் காதோரம் குனிந்தாள்.

"அம்மா, அழும்மா."

"வரலடி."

"அப்பாவ நெனச்சுக்கோ."

"இது அப்பா இல்லடி. அப்பாவ நான் அன்னிக்கே அனுப்பிட்டேன்."

"அப்ப என்னைய நெனச்சாவது அழேன்."

"ஒன்ன நெனச்சா பயந்தான் வருது. பயத்துல நாக்கு ஒட்டிக்கிச்சு. பயத்துல எப்பிடிடி அழுகை வரும்?"

இங்கே நான் செய்ய வேண்டியது ஒரு வரி. "நிலாங் வாய்விட்டு அழுதாள்." எழுதினேன். சாட்சிகள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "நிலாங் கதறினாள்" என்று மாற்றினேன். "பொய்" என்றான் பருமன். "அவளுடைய துக்கம் கரையை உடைத்துக்கொண்டு—" மெலிந்தவன் கொட்டாவி விட்டான். எனக்குத் தெரிந்த அழுகை வாக்கியங்கள் ஒவ்வொன்றையும் அவள் வாயில் வைத்துப் பார்த்தேன். எல்லாம் நான் வேறு யார் யாருக்கோ எழுதிக் கொடுத்துத் தேய்ந்துபோனவை. அவளிடம் நிஜமான அழுகை ஒன்று இருந்தது. அது செல்லாத நாளில் செலவாகிவிட்டது.

எனக்குச் சொந்தமாக ஒன்று இருக்கிறதா என்று தேடினேன். என் அப்பா போனபோது நான் அழவில்லை. வந்தவர்களுக்கு நாற்காலி போட்டுக்கொண்டிருந்தேன். மழை நாளில் பிறந்த பிள்ளைக்காகவும் அழவில்லை, சிரித்தேன். ஆக இந்த வேலைக்கு நான் லாயக்கில்லை.

அதனால் உங்களிடம் வருகிறேன். முடிவை வாசகர் கையில் கொடுப்பது எழுத்தாளர்களின் பழைய சாமர்த்தியம் என்று நீங்கள் நினைக்கலாம். நினைத்துக்கொள்ளுங்கள். எனக்கு இப்போது சாமர்த்தியம் பற்றிக் கவலை இல்லை, அந்தப் பெண் உப்பளத்துக்குப் போகக் கூடாது, அவ்வளவுதான். உங்கள் வீட்டில் ஒருவர் போயிருப்பார். யாரும் பார்க்காதபோது, குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டோ, பேருந்தின் கடைசி இருக்கையிலோ, நீங்கள் ஒரு தடவை அழுதிருப்பீர்கள். இல்லை, அழ வேண்டிய நேரத்தில் அழாமல் அடக்கி, இன்னும் நெஞ்சிலேயே வைத்திருப்பீர்கள். அதைக் கொடுங்கள். யாருடைய அழுகை என்று சாட்சிகளுக்குத் தெரியாது. அவர்களுக்கு நிஜமாக இருந்தால் போதும்.

கொஞ்சம் சீக்கிரம். வெயில் ஈரப்பலா மரத்துக்குக் கீழே இறங்கிவிட்டது. பருமன் வாசல் வரைக்கும் போய்விட்டான். மெலிந்தவன் செருப்பை மாட்டுகிறான். செபி அவன் வழியை மறித்து, இரண்டு கையையும் விரித்துக்கொண்டு, "இருங்கய்யா, வந்துரும், இப்ப வந்துரும்" என்கிறாள்.